மூளையும் கணினியும் இணைந்த வரலாறு: திருச்சுழி, அருப்புக்கோட்டை வழியாக ஒரு பார்வை

மனித மூளையில் எழும் மின்குறிகளை மின்முனைகள் வழியாகப் பெற்று, கணினியால் பகுத்து, அவற்றைக் கொண்டு ஒரு கருவியை இயக்குவது மூளை–கணினி இணைப்பு எனப்படும். வெளியிலிருந்து மின்குறியை மூளைக்குள் செலுத்தி அதன் செயலை மாற்றுவதும் இதனுள் அடங்கும். தமிழில் இத்துறை பற்றி வரும் செய்திகள் பெரும்பாலும் ஈலான் மஸ்க் 2016இல் தொடங்கிய நியூராலிங்க் நிறுவனத்திலிருந்தே ஆரம்பிக்கின்றன. ஆனால் மூளைக்குள் மின்முனையை இறக்கும் வேலை தமிழ்நாட்டில் அரை நூற்றாண்டுக்கு முன்பே தொடங்கிவிட்டது. அதைச் செய்தவர்கள் அரசு மருத்துவமனையில் பணியாற்றிய மருத்துவர்கள். அவர்களிடம் வந்தவர்களில் பெரும்பாலோர் ஏழை நோயாளிகள்.

விருதுநகர் மாவட்டத்தின் அருப்புக்கோட்டை, திருச்சுழி வட்டாரம் ஆய்வுக்கூடங்களுக்குப் பெயர்பெற்ற பகுதி அன்று. கரிசலும் கண்மாயும் சீமைக்கருவேலமும் நிறைந்த, வானம் பார்த்த பூமி. 1985 வரை இது பழைய இராமநாதபுரம் மாவட்டத்தைச் சேர்ந்திருந்தது. பெரிய வைத்தியம் என்றால் ஏறத்தாழ ஐம்பது கிலோமீட்டர் தொலைவிலுள்ள மதுரைக்கோ, அதற்கும் மேல் என்றால் சென்னைக்கோ போகவேண்டிய ஊர்கள் இவை. எனினும் இந்த வரலாற்றின் சில முக்கியமான கேள்விகள் இவ்வட்டாரத்தைத் தொட்டுச் செல்கின்றன.

மனத்தைத் தேடிய இருவர்

திருச்சுழியில் 1879 டிசம்பர் 30 அன்று பிறந்தவர் வேங்கடராமன். பின்னாளில் இரமண மகரிஷி என்று அறியப்பட்டவர். 1896இல் மதுரையில் பள்ளி மாணவராக இருந்தபோது, பதினாறு வயதில், திடீரென்று மரண பயம் அவரைப் பற்றியது. பிணம்போல் படுத்துக்கொண்டு, உடல் இறந்தபின் எஞ்சுவது எது, ‘நான்’ என்பது எது என்று தம்மையே கேட்டுக்கொண்டார். அந்த ஆண்டே திருவண்ணாமலைக்குச் சென்றுவிட்டார்.

ஏறக்குறைய அதே காலத்தில் செருமனியில் இன்னொரு இளைஞர் வேறு வழியில் மனத்தைத் தேடத் தொடங்கினார். ஹான்சு பெர்கர் படைப்பயிற்சியின்போது குதிரையிலிருந்து விழுந்து, பீரங்கி வண்டிச் சக்கரத்தில் சிக்காமல் மயிரிழையில் தப்பினார். தொலைவில் இருந்த அவர் தமக்கை அன்றைக்கே மனம் பதறித் தந்தையைக் கொண்டு தந்தி அனுப்பச் செய்தாள். தம் அச்சம் எப்படி அவளை எட்டியது என்ற கேள்வி பெர்கரை மருத்துவத்துக்கும் மூளை ஆய்வுக்கும் இழுத்துச் சென்றது. யேனா நகரில் 1924இல் மனித மூளையின் மின்னலைகளை முதன்முதலாகப் பதிவுசெய்தார், 1929இல் வெளியிட்டார். எண்ணம் காற்றில் பறந்து போவதற்கு அவருக்குச் சான்று கிடைக்கவில்லை. கிடைத்தது ஈ.ஈ.ஜி. என்று இன்று எல்லா ஊர்களிலும் வழங்கும் மூளை மின்னலை வரைவு. கண்ணை மூடி அமைதியாக இருக்கும்போது வினாடிக்குப் பத்து முறை போல ஏறி இறங்கும் அலைக்கு அவர் ஆல்ஃபா என்று பெயரிட்டார்.

மண்டையோட்டுக்கு வெளியே கிடைக்கும் அந்த மின்னழுத்தம் ஒரு வோல்ட்டின் பத்து இலட்சத்தில் சில பத்துப் பங்குகள்தான். டார்ச் விளக்கின் ஒரு மின்கலம் 1.5 வோல்ட் தருகிறது என்பதோடு ஒப்பிட்டால் அதன் சிறுமை புரியும். முதலில் பலர் பெர்கரை நம்பவில்லை. 1934இல் கேம்பிரிட்ஜில் ஏட்ரியனும் மேத்யூசும் செய்து காட்டிய பிறகே உலகம் ஏற்றுக்கொண்டது.

வேலூரும் சென்னையும்

இந்தியாவின் முதல் நரம்பியல் அறுவை மருத்துவத் துறையை 1949இல் வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியில் தொடங்கியவர் ஜேக்கப் சாண்டி. அவர் கனடாவின் மாண்ட்ரியல் நகரில் வைல்டர் பென்ஃபீல்டிடம் பயின்றவர். பென்ஃபீல்டு, நோயாளி விழித்திருக்கும்போதே மூளையின் மேற்பரப்பை மெல்லிய மின்சாரத்தால் தொட்டு, எந்த இடம் கையை அசைக்கிறது, எந்த இடம் உதட்டை அசைக்கிறது என்று வரைபடம் தயாரித்தவர். மூளைக்கு வலி உணர்வு இல்லை என்பதால் இது முடிந்தது. கைக்கும் வாய்க்கும் நாக்குக்கும் மூளை மிகப் பெரிய இடத்தை ஒதுக்கியிருப்பதை அந்த வரைபடம் காட்டியது. இன்றைய மூளை–கணினி இணைப்புக் கருவிகள் எங்கே மின்முனை வைக்கவேண்டும் என்பதற்கு அடிப்படை அதுவே.

அடுத்த ஆண்டு, 1950இல், சென்னை அரசு பொது மருத்துவமனையில் நரம்பியல் அறுவைப் பிரிவு தொடங்கியது. அதை நிறுவியவர் சீர்காழியில் பிறந்த பா. இராமமூர்த்தி (1922–2003). சாண்டி, இராமமூர்த்தி, எஸ். டி. நரசிம்மன், பால்தேவ் சிங் ஆகிய நால்வரும் 1951இல் இந்திய நரம்பியல் சங்கத்தை உருவாக்கினர். நாடு முழுவதற்கும் நரம்பியல் மருத்துவர்களை விரல்விட்டு எண்ணக்கூடிய காலம் அது.

இராமமூர்த்தியின் குழுவில் வே. பாலசுப்பிரமணியம், எஸ். கல்யாணராமன், தி. ச. கனகா ஆகியோர் இருந்தனர். இவர்கள் கையாண்ட முறைக்கு முப்பரிமாண இலக்கு அறுவை என்று பெயர் சொல்லலாம். நோயாளியின் தலையில் உலோகச் சட்டம் ஒன்றைத் திருகாணிகளால் பொருத்துவர். நீளம், அகலம், ஆழம் என்ற மூன்று அளவுகளால் மூளைக்குள் ஒரு புள்ளியைக் குறித்து, மண்டையோட்டில் சிறு துளை வழியாக நீண்ட ஊசி போன்ற மின்முனையை அந்தப் புள்ளிக்கு இறக்குவர். இம்முறையை மனிதரிடம் முதலில் செய்தவர்கள் அமெரிக்காவில் ஸ்பீகலும் வைசிஸும், 1947இல்.

இதில் கணினி எங்கே என்று கேட்கலாம். இல்லை. சி.டி. ஸ்கேன் மனிதருக்கு முதலில் எடுக்கப்பட்டதே 1971இல்தான். அதற்கு முன்னர் மூளைக்குள் உள்ள நீர் அறைகளில் காற்றையோ, எக்ஸ்கதிரில் தெரியும் மருந்தையோ செலுத்திப் படம் எடுத்து, அந்த நிழலில் அளவுகோல் வைத்து, தாளில் கணக்குப் போட்டு இலக்கைக் கண்டனர். சில மில்லிமீட்டர் பிசகினால் பேச்சோ பார்வையோ போகும். அதனால் அழிக்கவேண்டிய புள்ளியை முதலில் மின்சாரத்தால் தூண்டி, விழித்திருக்கும் நோயாளியைக் கையை நீட்டச் சொல்லி, எண்ணச் சொல்லிப் பார்ப்பர். நடுக்கம் நின்றால் இடம் சரி. பார்க்கின்சன் நோயில் நடுங்கிய கை அறுவை மேசையிலேயே அமைதியாவது அக்காலத்தில் பெரும் அதிசயமாக இருந்தது.

கனகா

தி. ச. கனகா (1932–2018) இக்குழுவில் தனித்துச் சொல்லப்பட வேண்டியவர். 1968இல் நரம்பியல் அறுவையில் பட்டம் பெற்றார். ஆசியாவின் முதல் பெண் நரம்பியல் அறுவை மருத்துவர் என்று போற்றப்படுகிறார். 1962 சீனப் போரின்போது இராணுவ மருத்துவ அதிகாரியாகவும் பணிபுரிந்தார். நூற்றுக்கும் மேற்பட்ட முறை குருதிக் கொடை அளித்தவர். ஓய்வுக்குப் பின் தம் சொந்தப் பணத்தில் ஏழைகளுக்கான மருத்துவ அறக்கட்டளை ஒன்றை நடத்தினார்.

அவர் பெயர் இவ்வரலாற்றில் நிற்பதற்குக் காரணம் வேறு. இந்தியாவில் மூளைக்குள் நெடுநாள் தங்கும் மின்முனைகளைப் பொருத்திய முதல் நரம்பியல் அறுவை மருத்துவர் அவர். 1975 அளவிலேயே ஆழ்மூளைத் தூண்டல் செய்தவர். ஓர் இடத்தைச் சுட்டு அழிப்பதற்கும், அங்கே மின்முனையை விட்டுவைத்துத் தேவைப்படும்போது மின்சாரம் கொடுப்பதற்கும் பெரிய வேறுபாடு உண்டு. அழித்தது திரும்பாது. மின்முனையை நிறுத்தலாம், கூட்டலாம், குறைக்கலாம், வேண்டாமென்றால் எடுத்தும் விடலாம். பிரான்சின் கிரெநோபில் நகரில் பெனாபித் 1987இல் நடுக்கத்துக்குச் செய்த உயர் அதிர்வெண் தூண்டலே இன்று உலகெங்கும் பின்பற்றப்படும் முறைக்குத் தொடக்கமாகக் கொள்ளப்படுகிறது. அதற்குப் பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன் சென்னையில் நடந்த முயற்சி உலக வரலாற்று நூல்களில் பெரும்பாலும் அடிக்குறிப்பாகக்கூட வருவதில்லை.

அடக்குவதற்காகச் செய்த அறுவை

இதே குழுவின் வேறொரு பணியை மூடி மறைத்துவிட்டு இந்த வரலாற்றைச் சொல்வது நேர்மையாகாது. 1960களின் இறுதியிலும் 1970களிலும் சென்னையில் மூளையின் அமிக்டலா, ஹைப்போதலாமஸ் ஆகிய ஆழ்பகுதிகளில் சிறு பகுதிகளை அழிக்கும் அறுவைகள் நடந்தன. கட்டுக்கடங்காத மூர்க்கம், ஓயாத பரபரப்பு, தன்னையே காயப்படுத்திக்கொள்ளும் பழக்கம் ஆகியவை உள்ளவர்களை அமைதிப்படுத்துவது நோக்கம். இவர்களுள் குழந்தைகளும் இருந்தனர். இதற்கு மருத்துவர்களே ‘அமைதிப்படுத்தும் நரம்பியல் அறுவை’ என்ற பொருள்படும் பெயரிட்டு ஆய்விதழ்களில் எழுதினர். போதைப் பழக்கத்துக்கும் மூளை அறுவை முயன்று பார்க்கப்பட்டது. சப்பானில் நரபயாசி தொடங்கிய வழி அது. சென்னைக் குழு அதில் உலக அளவில் பெயர் பெற்றது.

அக்காலச் சூழலையும் பார்க்கவேண்டும். மனநோய்க்கான மருந்துகள் குறைவு. வீட்டில் ஒரு பிள்ளை சுவரில் தலையை மோதிக்கொண்டே இருந்தால், கட்டிப்போடுவது அல்லது கோயிலிலோ தர்காவிலோ கொண்டுபோய் விடுவது என்பதே கிராமத்துக் குடும்பத்துக்குத் தெரிந்த வழி. சங்கிலியை அவிழ்க்க முடிந்தால் போதும் என்று பெற்றோர் நினைத்ததில் வியப்பில்லை. ஆனாலும் அறுவைக்குச் சம்மதித்தவர் பெற்றோர். மூளை மாற்றப்பட்டது பிள்ளைக்கு. யாருக்கு நிம்மதி கிடைத்தது என்ற கேள்வியை அன்றைய கட்டுரைகள் போதிய அளவு கேட்கவில்லை. வீட்டாரும் வார்டு ஊழியரும் சமாளிக்க எளிதாகிவிட்டதை நோயாளி குணமானதாகக் கணக்கிடும் போக்கு அக்கால மனநல அறுவை முழுவதிலும் இருந்தது.

உலகெங்கும் எதிர்ப்பு வலுத்தது, மருந்துகளும் பெருகின. இவ்வகை அறுவை அருகிப்போனது. இந்தியாவின் மனநலப் பராமரிப்புச் சட்டம் 2017, மனநோய்க்காக மூளை அறுவை செய்ய வேண்டுமானால் நோயாளியே விவரம் அறிந்து இசைவு தரவேண்டும், உரிய வாரியத்தின் ஒப்புதலும் வேண்டும் என்கிறது. இசைவு யாருடையது என்ற இந்தக் கேள்வி மின்முனைகளுக்கும் அப்படியே பொருந்தும்.

கணினி வந்து சேர்கிறது

இதுவரை சொன்னவை மூளைக்குள் மின்சாரத்தைச் செலுத்திய கதை. மூளையிலிருந்து குறியை எடுத்துக் கருவியை ஓட்டும் கதை வேறு வழியில் வளர்ந்தது. 1969இல் அமெரிக்காவின் எபர்ஹார்ட் ஃபெட்ஸ், ஒரு குரங்கு தன் மூளையின் ஒரே ஒரு நியூரானைக் கூடுதலாகச் சுடரச் செய்து, அளவுமானியின் முள்ளை நகர்த்த முடியும் என்று காட்டினார். முள் நகர்ந்தால் தீனி கிடைக்கும். 1973இல் லாஸ் ஏஞ்சலஸ் நகரில் ஜாக் விடால் என்பவர் ‘மூளை–கணினி இணைப்பு’ என்ற சொல்லையே தம் கட்டுரையில் புழக்கத்துக்குக் கொண்டுவந்தார். சில ஆண்டுகளில் ஈ.ஈ.ஜி. கொண்டு திரையில் ஒரு புள்ளியைப் புதிர்ப்பாதையில் நகர்த்தியும் காட்டினார்.

நியூரானின் பேச்சு கணினிக்கு எப்படிப் புரிகிறது? நெசவுக்குப் பெயர்பெற்ற அருப்புக்கோட்டையில் இதை விளக்குவது எளிது. ஜக்கார்டு தறியில் துளையிட்ட அட்டைகள் ஓடும். துளை இருந்தால் ஊசி நுழையும், இழை மேலே தூக்கும். துளை இல்லையென்றால் தூக்காது. இந்த ‘உண்டு, இல்லை’ வரிசைதான் கடைசியில் சேலையில் பூவாக விழுகிறது. 1890இல் அமெரிக்க மக்கள்தொகைக் கணக்கெடுப்புக்கு ஹாலரித் செய்த எந்திரமும் பிற்காலக் கணினிகளும் துளை அட்டையைத்தான் பயன்படுத்தின. நியூரானும் அப்படியே. அது சுடரும், அல்லது சுடராது. ஒரு நியூரானை மட்டும் பார்த்தால் ஒற்றை இழையைப் பார்ப்பது போல; ஒன்றும் விளங்காது. நூறு நியூரான்களின் சுடர் வரிசையை ஒன்றாகப் பார்த்தால் கை எந்தத் திசையில் போக நினைக்கிறது என்ற கோலம் தெரியத் தொடங்கும். வேறுபாடு ஒன்று உண்டு. தறி அட்டையை அடித்தவருக்கு அது எந்தப் பூ என்று முன்பே தெரியும். மூளையின் அட்டையை யாரும் அடிக்கவில்லை. ஆகவே ‘இப்போது வலப்பக்கம் நகர்த்துவதாக எண்ணுங்கள்’ என்று பலமுறை சொல்லி, ஒவ்வொரு முறையும் எந்த வரிசை வந்தது என்று கணினி கற்றுக்கொள்ளவேண்டும்.

கை கால் செயலிழந்து பல ஆண்டுகள் ஆனபின்பும் மூளையில் அந்தக் கட்டளை உயிரோடு இருக்குமா என்பது அடுத்த ஐயம். இதற்கு வெளிச்சம் தந்தவர்களில் ஒருவர் சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் படித்த வி. எஸ். இராமச்சந்திரன். துண்டிக்கப்பட்ட கை இன்னும் இருப்பதுபோலவும் அதில் வலி எடுப்பதுபோலவும் உணரும் நோயாளிகளை அவர் 1990களில் ஆராய்ந்தார். மாயக் கைக்கு இடமில்லாததுபோல் வலிக்கும்போது, நல்ல கையின் பிம்பத்தை ஒரு கண்ணாடிப் பெட்டியில் காட்டி அந்த வலியைக் குறைக்க முயன்றார். செலவு ஒரு முகம் பார்க்கும் கண்ணாடியின் விலைதான். உடல் போனாலும் உடலின் வரைபடம் மூளையில் போவதில்லை என்பதை அந்த ஆய்வுகள் வலுவாகக் காட்டின. விருதுநகர் மாவட்டத்தில் பட்டாசு விபத்தில் கையிழந்தவர்களுக்கு இல்லாத விரல் எரிவது கற்பனை அன்று என்பதும் இதன் பொருள்.

2004இல் கத்திக்குத்தில் தண்டுவடம் அறுந்த அமெரிக்க இளைஞர் ஒருவரின் மூளையில் பிரவுன் பல்கலைக்கழகத்தின் ஜான் டோனஹியூ குழு 96 மின்முனைகள் கொண்ட சிறு தகட்டைப் பொருத்தியது. அவர் நினைத்தபடியே திரையில் அம்புக்குறி நகர்ந்தது, மின்னஞ்சலைத் திறந்தார். 2013 ஆகஸ்ட் 12 அன்று வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் இராஜேஷ் ராவ் தலையில் ஈ.ஈ.ஜி. தொப்பியுடன் அமர்ந்து கணினி விளையாட்டொன்றைப் பார்த்து, வலக்கையை அசைப்பதாக நினைத்தார். வளாகத்தின் மறுபுறம் இருந்த ஆந்திரேயா ஸ்டாக்கோவின் தலைமேல் காந்தத் தூண்டல் சுருள் இருந்தது. அவர் விரல் தானாக விசைப்பலகையைத் தட்டியது. பெர்கர் தேடிய தந்தி இணையம் வழியாகப் போய்ச் சேர்ந்தது என்று சொல்லலாம், ஆனால் போனது எண்ணம் அன்று. ‘தட்டு’ என்ற ஒரே குறிதான். இந்த இராஜேஷ் ராவ்தான் 2009இல் ஐராவதம் மகாதேவன் உள்ளிட்டோருடன் சேர்ந்து, சிந்துவெளிக் குறிகள் மொழிக்குரிய ஒழுங்கைக் கொண்டவையா என்று கணினியால் ஆராய்ந்தவர். தெரியாத குறிவரிசையில் ஒழுங்கைத் தேடும் வேலை இரண்டிலும் ஒன்றே.

பேச்சு

அருப்புக்கோட்டை மக்கள் 1977இல் சட்டமன்றத்துக்குத் தேர்ந்தெடுத்த உறுப்பினர் ம. கோ. இராமச்சந்திரன். அந்தத் தொகுதியில் வென்றுதான் அவர் முதன்முறை முதலமைச்சரானார். 1967இல் கழுத்தில் பாய்ந்த குண்டால் அவர் குரல் ஏற்கெனவே பாதிக்கப்பட்டிருந்தது. 1984 அக்டோபரில் சிறுநீரகம் செயலிழந்து, பக்கவாதமும் தாக்கியது. சென்னையிலும் பின்னர் நியூயார்க்கின் புரூக்ளினிலும் சிகிச்சை பெற்று 1985 பிப்ரவரியில் திரும்பினார். உயிர் மீண்டது, பேச்சு முழுமையாக மீளவில்லை. 1987 டிசம்பர் 24இல் மறையும்வரை அவர் சொல்வதை அருகிலிருப்பவர்கள் உற்றுக் கேட்டே புரிந்துகொள்ள வேண்டியிருந்தது. வசனத்தாலும் மேடைப் பேச்சாலும் கூட்டத்தைக் கட்டிவைத்த ஒருவருக்கு அன்று உலகின் எந்த மருத்துவமனையாலும் சொல்லைத் திருப்பித் தர இயலவில்லை. அதே ஆண்டுகளில் பக்கவாதம் வந்த ஒரு சம்சாரியின் நிலையை இதிலிருந்து ஊகிக்கலாம்.

இன்று நிலை ஓரளவு மாறியிருக்கிறது. ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் கிருஷ்ண ஷெனாயும் ஜெய்மி ஹெண்டர்சனும் நடத்திய ஆய்வுக்கூடம் 2021இல், செயலிழந்த கையால் எழுதுவதாக ஒருவர் நினைப்பதை நிமிடத்துக்கு 90 எழுத்துகள் வேகத்தில் படித்தது. 2023இல் பேச்சிழந்த ஒரு பெண்மணி பேச முயல்வதை நிமிடத்துக்கு 62 சொற்கள் வேகத்தில் எழுத்தாக்கியது. 1,25,000 சொற்கள் கொண்ட அகராதியில் ஏறக்குறைய நான்கில் ஒன்று பிழையானது. 2024இல் கலிபோர்னியாவின் டேவிஸ் பல்கலைக்கழகக் குழு 256 மின்முனைகளைக் கொண்டு 97 விழுக்காடு துல்லியத்தை எட்டியது. நோய் வருமுன் பதிவாகியிருந்த அந்த மனிதரின் சொந்தக் குரலிலேயே கணினி பேசியது.

இங்கே ஒரு தெளிவு வேண்டும். இக்கருவிகள் எண்ணத்தைப் படிப்பதில்லை. உதடு, நாக்கு, தாடை, குரல்வளை ஆகியவற்றுக்கு மூளை அனுப்ப முயலும் அசைவுக் கட்டளைகளையே படிக்கின்றன. தசைகளுக்குச் செல்லும் வழி அடைபட்டு, கட்டளையிடும் பகுதி நன்றாக இருப்பவர்களுக்கே இது பயன்படும். பக்கவாதம் மொழியைக் கையாளும் பகுதியையே அழித்துவிட்டால் படிப்பதற்குக் கட்டளை இருக்காது. நாளிதழ்ச் செய்திகள் பெரும்பாலும் இந்த வேறுபாட்டைச் சொல்லாமல் விட்டுவிடுவதால் குடும்பங்கள் வீண் நம்பிக்கை கொள்கின்றன.

நாக்கும் உதடும் பல்லும் அண்ணமும் எப்படிச் சேர்ந்தால் எந்த ஒலி பிறக்கும் என்பதைத் தொல்காப்பியத்தின் பிறப்பியல் வகுத்துக் காட்டுகிறது. ஸ்டான்ஃபோர்டு கருவியும் அதே அடிப்படையில்தான் இயங்குகிறது. ஆங்கிலத்தின் 39 ஒலிகளை அசைவுகளாகப் பிரித்து, பின் ஆங்கில நூல்களில் கற்ற மொழி மாதிரியால் எந்தச் சொல் என்று ஊகிக்கிறது. தமிழுக்கு இதை மாற்றினால் முதல் பாதி எளிது. நாக்கை வளைக்கும் ழகரமும் ளகரமும் மூளையில் தெளிவான அசைவுகளாகவே இருக்கும். சான் பிரான்சிஸ்கோவில் எட்வர்டு சாங்கின் குழு 2024இல் ஒரே மனிதரின் ஸ்பானியத்தையும் ஆங்கிலத்தையும் ஒரே மின்முனைத் தொகுதியால் படித்தது. இரு மொழிகளின் ஒலிகளுக்கும் மூளையில் பொதுவான அடிப்படை இருப்பது தெரிந்தது.

கடினம் இரண்டாம் பாதியில் இருக்கிறது. தமிழ் ஒட்டுநிலை மொழி. ‘வா’ என்ற ஒரு வினையிலிருந்து வந்தேன், வரமாட்டார்களா, வந்துகொண்டிருந்தவர்களுக்காவது என்று சொற்கள் பெருகிக்கொண்டே போகும். எத்தனை இலட்சம் சொற்களைப் பட்டியலிட்டாலும் பேச்சுக்குப் போதாது. மேலும் கணினி கற்றுக்கொள்ளக் கிடைப்பது பெரும்பாலும் எழுத்துத் தமிழ். திருச்சுழிப் பக்கத்தில் ஒரு மூதாட்டி மருமகனைப் பற்றிச் சொல்லும்போது ‘வருகிறார்’ என்று சொல்லமாட்டார், ‘வாராக’ என்பார். கேட்பது ‘தண்ணீர்’ அன்று, ‘தண்ணி’. பேச்சிழந்தவர் மீண்டும் பேசும்போது செய்தி வாசிப்பவர் தமிழில் பேசினால் வீட்டுக்காரர்களுக்கு அது யாரோ பேசுவதுபோலவே இருக்கும். வட்டாரப் பேச்சைப் பதிவுசெய்து, எழுத்தில் பெயர்த்து, பெருந்தரவாகச் சேர்ப்பது இதற்கு முன்தேவை. அதற்கு அறுவைக்கூடம் வேண்டாம். ஊர் ஊராகப் போய்ப் பேசவைத்துக் கேட்கும் ஆட்கள் வேண்டும்.

ஊருக்கு வந்து சேர்ந்த கருவி

நரம்பைக் கணினியோடு இணைக்கும் கருவிகளில் உலகில் மிகுதியாகப் பயன்படுவது செவிச்சுருள் பதியம், அதாவது காக்ளியர் இம்ப்ளாண்ட். காதுக்குப் பின்னே மாட்டும் கருவி ஒலியைப் பகுத்து, தோலின் வழியே உள்ளிருக்கும் பகுதிக்கு அனுப்புகிறது. அங்கிருந்து செவிச்சுருளுக்குள் செல்லும் மெல்லிய கம்பியில் 12 முதல் 22 மின்முனைகள் உள்ளன. இயல்பான காதில் ஏறக்குறைய 3,500 உள்மயிரணுக்கள் செய்யும் வேலையை இவை செய்கின்றன. மீதியைக் குழந்தையின் மூளையே கற்று நிரப்பிக்கொள்கிறது. ஆகவேதான் மொழி பதியும் வயதுக்குள் பொருத்தவேண்டும் என்று மருத்துவர்கள் வற்புறுத்துகிறார்கள்.

தமிழ்நாட்டில் அரசின் மருத்துவக் காப்பீட்டுத் திட்டத்தின்கீழ் ஆறு வயதுக்கு உட்பட்ட குழந்தைகளுக்கு இது கட்டணமின்றிச் செய்யப்படுகிறது. மதுரை அரசு இராசாசி மருத்துவமனையிலும் நடக்கிறது. தென்மாவட்டங்களில் மாமன் மகள், அக்காள் மகள் என்று நெருங்கிய உறவில் திருமணம் செய்வது பிறவிச் செவித்திறன் குறைவுக்கு ஒரு காரணமாகச் சுட்டப்படுகிறது. பல இலட்சம் ரூபாய் விலையுள்ள, நரம்போடு நேரடியாகப் பேசும் ஒரு கணினி, மானாவாரி விவசாயியின் வீட்டுப் பிள்ளையின் காதில் இருப்பது இன்று செய்தியே அல்ல. நியூராலிங்க் 2024 சனவரியில் 1,024 மின்முனைகளை ஒருவர் மூளையில் பொருத்தியதை எல்லாத் தொலைக்காட்சிகளும் காட்டின. பொதுப்பணத்தால் நடந்த இந்த அமைதியான மாற்றம் அந்த அளவு பேசப்படவில்லை.

அறுவை ஒரு நாளில் முடிந்துவிடும். அதன்பின் ஓராண்டுக்குக் குறையாமல் பேச்சுப் பயிற்சி தேவை. தாய் வாரந்தோறும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு பேருந்து ஏறவேண்டும். அன்றைய கூலி போகும். பயிற்சியைப் பாதியில் விட்டால் கருவி சத்தத்தைக் கேட்கவைக்கும், சொல்லைப் புரியவைக்காது. 2022இல் விருதுநகரில் அரசு மருத்துவக் கல்லூரி திறக்கப்பட்டதால் தொலைவு ஓரளவு குறைந்திருக்கிறது.

பொருத்திய கருவியை யார் பராமரிப்பது என்பதற்கு மேலைநாட்டிலும் நல்ல விடை இல்லை. செகண்ட் சைட் என்ற அமெரிக்க நிறுவனம் பார்வையிழந்தோரின் விழித்திரையில் பதிக்கும் ஆர்கஸ் கருவியைச் செய்தது. உலகெங்கும் முந்நூற்று ஐம்பதுக்கும் மேற்பட்டோர் பொருத்திக்கொண்டனர். நிறுவனம் பணமுடையில் சிக்கி அதைக் கைவிட்டபோது, உதிரிப்பாகமோ பழுதுபார்ப்போ இல்லாமல் சிலர் மீண்டும் இருளுக்குப் போயினர். மூளைக்குள் இருப்பதை எடுக்க இன்னோர் அறுவை வேண்டும். ஆழ்மூளைத் தூண்டலில் மார்புத் தோலுக்கடியில் வைக்கும் மின்கலமும் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை மாற்றவேண்டியது. செவிச்சுருள் பதியத்தின் வெளிப்பகுதியில் கம்பிவடம் அறுவதும், வியர்வையில் ஒலிவாங்கி கெடுவதும் வழக்கமான பழுதுகள். சித்திரை வெயிலில் ஓடி விளையாடும் ஆறு வயதுப் பிள்ளையிடம் அவை இன்னும் விரைவில் வரும். உத்தரவாதக் காலம் முடிந்தபின் அந்தக் கம்பிவடத்துக்கு ஆகும் செலவு குடும்பத்தின் ஒரு மாத வருமானத்தையே விழுங்கிவிடலாம். அது மாறி வரும்வரை பிள்ளைக்கு வகுப்பறையில் ஒன்றும் கேட்காது.